அஞ்சலில் வந்த பட்டம்



சென்ற வாரம் பள்ளி முடிந்த வேளையில் நான்காம் ஆண்டு மாணவன் ஒருவனின் தந்தை என்னைக் காண வந்திருந்தார். லாரி ஓட்டுபவர். வேலை உடையிலேயே வந்தவர், சட்டைப் பையில் நான்காக மடித்து வைத்திருந்த துண்டறிக்கை ஒன்றை எடுத்து மேசைமேல் விரித்தார். "வீட்டிலிருந்தே பட்டம் பெறுங்கள்" என்று பெரிய எழுத்தில் அச்சிட்டிருந்தது. எஸ்.பி.எம். முடித்துவிட்டு ஒரு கடையில் வேலை பார்க்கும் தம் மூத்த மகளைச் சேர்க்கலாமா என்பது அவருடைய கேள்வி.

"டீச்சர், நீங்களும் இப்படித்தானே வேலை செஞ்சிக்கிட்டே படிச்சீங்க? நீங்க சொன்னா சேர்த்திடுவேன்" என்றார்.

என்னால் உடனே விடை கூற இயலவில்லை. 'நீங்க சொன்னா' என்னும் அந்தச் சொல்லைக் கேட்டு ஏறத்தாழ இருபது ஆண்டுகள் ஆகின்றன. அன்று அதைச் சொன்னவர் வேறொருவர். நான் சொன்னேன், அவர் சேர்ந்தார். அதனால் விளைந்தது என்னவென்று இதுவரை நான் எங்கும் எழுதியதில்லை. இன்று எழுதிவிடலாம் என்று துணிகிறேன்.

நான் தொலைநிலைக் கல்வியில் இரண்டு முறை இளங்கலைப் பட்டம் பெற்றவள். முதல் பட்டம் எந்தப் பல்கலைக்கழகத்தின் கதவையும் எனக்குத் திறக்கவில்லை. இரண்டாவது பட்டத்தைக் கொண்டு முதுகலை வகுப்பில் சேர்ந்தபோது, அதை எப்படிப் படித்தீர்கள் என்று ஒருவரும் கேட்கவில்லை. இரண்டுமே பள்ளி வேலைக்கு நடுவே, இரவில் கண் விழித்துப் படித்தவைதாம்.

ஆசிரியர் பயிற்சிக் கழகத்தில் மூன்றாண்டுப் பட்டயப் படிப்பை முடித்து, 2002-இல் ஒரு தோட்டத் தமிழ்ப்பள்ளியில் பணியில் அமர்ந்தேன். பட்டயம் பெற்றவர்களுக்கு அப்போது டிஜிஏ29 சம்பளப் படி, பட்டதாரிகளுக்கு டிஜி41. (2024 டிசம்பரில் சம்பள முறை மாறிய பின் இப்பெயர்கள் இல்லை.) சம்பளம் ஒருபுறம் இருக்க, எனக்குத் தமிழை முறையாகப் படிக்க வேண்டும் என்னும் ஆசை இருந்தது. பயிற்சிக் கழகத்தில் எப்படிக் கற்பிப்பது என்று சொல்லிக் கொடுத்தார்கள். நன்னூலைப் படிக்க நேரம் இருந்ததில்லை.

2004-இல் எங்கள் பட்டணத்தில் ஒரு கடைவீட்டின் மாடியில் 'கல்வி மையம்' ஒன்று திறந்தது. தமிழ்நாட்டுப் பல்கலைக்கழகம் ஒன்றின் தமிழ் இளங்கலையை அஞ்சல் வழி நடத்துவதாகச் சொன்னார்கள். ஆண்டுக் கட்டணம் 1,800 வெள்ளி. "இந்திய அரசால் அங்கீகரிக்கப்பட்டது" என்று சுவரில் எழுதியிருந்தது. அதற்குப் பக்கத்தில் சட்டம் போட்டு ஒரு சான்றிதழும் மாட்டியிருந்தார்கள். அது மையத்தின் வணிகப் பதிவுச் சான்று என்பதும், மளிகைக் கடைக்கும் முடிதிருத்தகத்திற்கும் அதே சான்றுதான் கிடைக்கும் என்பதும் அன்று எனக்குத் தோன்றவில்லை. படித்தவள்தான் நான், ஆயினும் அருகில் சென்று வாசித்துப் பார்க்கவில்லை.

பாடநூல்கள் கட்டுக் கட்டாக வந்தன. மெல்லிய தாள், பொடி எழுத்து. அப்பாடங்களை இன்றும் நான் குறைத்துப் பேச மாட்டேன். இலக்கணமும் உரையும் மொழி வரலாறும் எனக்கு அங்கேதான் கிடைத்தன. ஆறாம் ஆண்டு மாணவர்களுக்கு வலிமிகும் இடங்களைக் காரணத்தோடு விளக்க முடிகிறதென்றால் அந்த மஞ்சள் தாள்கள்தாம் காரணம்.

மறு ஆண்டு அம்மையத்தார் ஒரு சலுகை அறிவித்தார்கள். புதிய மாணவர் ஒருவரை அழைத்து வந்தால் கட்டணத்தில் 200 வெள்ளி கழிவு. எங்கள் பள்ளியின் பாலர் வகுப்பில் தற்காலிகமாகப் பணியாற்றிய ஒரு தங்கை இருந்தார். அப்போது அவருக்கு வயது 23. எஸ்.பி.எம். வரை படித்தவர், தந்தை இல்லை. பிள்ளைகளை அவர் அணைத்துச் செல்லும் முறையைக் கண்டு, இவர் ஆசிரியராகவே பிறந்தவர் என்று நாங்கள் பேசிக்கொள்வோம். அவரிடம் நான்தான் எடுத்துச் சொன்னேன். முதலில் பட்டம், பிறகு கே.பி.எல்.ஐ. எனப்பட்ட பட்டதாரிகளுக்கான ஆசிரியர் பயிற்சி, பிறகு நிலையான பணி என்று ஒரு தாளில் அம்புக்குறி போட்டு வரைந்தும் காட்டினேன். "நீங்க சொன்னா சரிதான் டீச்சர்" என்று சொல்லித் தம் தாயாரின் வளையல்களை அடகு வைத்துச் சேர்ந்தார். 200 வெள்ளிக் கழிவை நான் பெற்றுக்கொண்டேன். தவறான எண்ணத்தோடு பெறவில்லை. ஆனாலும் பெற்றேன்.

2007-இல் என் பட்டச் சான்றிதழ் வந்தது. மறு ஆண்டு, உள்நாட்டு அரசுப் பல்கலைக்கழகம் ஒன்றில் பகுதி நேர முதுகலைக்கு விண்ணப்பித்தேன். ஒரு மாதத்தில் மலாய் மொழியில் மூன்று வரிக் கடிதம். என் இளங்கலைத் தகுதி நுழைவுக்கு ஏற்கப்படவில்லை என்பதே அதன் பொருள். மேல்முறையீட்டுக்கு என்ன செய்வதென்று அறிய, உயர்கல்வி தொடர்பான அலுவலகம் ஒன்றுக்கு விடுமுறை போட்டுச் சென்றேன். அங்கிருந்த அம்மையார் பொறுமையாகவே பேசினார். என் மதிப்பெண்களை அவர் பார்க்கவே இல்லை. இரண்டு கேள்விகள் கேட்டார். நீங்கள் படித்த மையம் இந்நாட்டில் 1996-ஆம் ஆண்டுத் தனியார் உயர்கல்வி நிறுவனச் சட்டத்தின் கீழ், அதாவது சட்டம் 555-இன் கீழ், பதிவு பெற்றதா? அந்தப் பல்கலைக்கழகம் தன் நாட்டுக்கு வெளியே இப்பாடத்தை நடத்துவதற்கு அந்நாட்டின் அதிகார அமைப்பு இசைவு தந்த கடிதம் இருக்கிறதா?

இரண்டுக்கும் என்னிடம் விடை இல்லை. திரும்பி வந்து கல்வி மையத்தைத் தேடினேன். மாடியில் கைப்பேசிக் கடை இருந்தது.

மனம் ஆறாமல் பல ஆண்டுகள் இதைப் பற்றித் தேடித் தேடிப் படித்தேன். அப்போது விளங்கியவற்றுள் சிலவற்றை இங்கே சொல்ல வேண்டும். ஏனெனில் தமிழ்நாட்டுப் பட்டங்களை நாடும் ஆசிரியர்கள் நம்மிடையே இன்றும் உள்ளனர்.

இந்தியாவில் அஞ்சல் வழிக் கல்வி 1962-இல் தில்லிப் பல்கலைக்கழகத்தில் தொடங்கியது. அது மதிப்புக்குரிய வழிதான். ஆனால் அதற்கு எல்லைகள் உண்டு. ஒரு மாநிலச் சட்டத்தால் தோன்றிய பல்கலைக்கழகம், அச்சட்டம் குறிக்கும் நிலப்பரப்புக்கு வெளியே படிப்பு மையம் நடத்த இயலாது என்பதை இந்திய உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் உறுதி செய்தது. அண்டை மாநிலத்துக்கே அந்த நிலை என்றால், கடல் கடந்து வந்த எங்கள் கடைவீட்டு மாடி எம்மாத்திரம்! எல்லைக்கு வெளியே மையம் வைப்பதையும், தனியாரிடம் குத்தகை போல் ஒப்படைப்பதையும் எச்சரித்துப் பல்கலைக்கழக மானியக் குழு 2013-இல் பொது அறிவிப்பு வெளியிட்டது. என் போன்றோருக்கு அது காலங்கடந்த அறிவிப்பு.

இன்னொரு வழக்கு 2009-இல் தீர்ந்தது. அண்ணாமலைப் பல்கலைக்கழகம் தொடர்பானது. இளங்கலை இல்லாமலேயே திறந்த நிலை முறையில் நேரடியாக முதுகலை முடித்த ஒருவரின் தகுதி பற்றியது. முதுகலையில் சேர மூன்றாண்டு முதல் பட்டம் வேண்டும் என்னும் 1985-ஆம் ஆண்டு விதி தொலைநிலைக் கல்விக்கும் பொருந்தும் என்றும், ஆகவே அம்முதுகலை செல்லாது என்றும் உச்ச நீதிமன்றம் கூறியது. படித்ததும் தேர்வெழுதியதும் மெய்; சேர்ந்த வாயில்தான் விதிப்படி இல்லை.

இவற்றைச் சொல்வதால் இந்தியத் தொலைநிலைப் பட்டங்கள் எல்லாம் பயனற்றவை என்று எவரும் எண்ண வேண்டா. 2020-ஆம் ஆண்டு விதிமுறைகளின் 22-ஆம் விதியை எடுத்துக்காட்டி, உரிய ஏற்பு பெற்ற நிறுவனங்களின் தொலைநிலை, இணையவழிப் பட்டங்கள் நேரடி வகுப்புப் பட்டங்களுக்கு நிகரானவை என்று மானியக் குழு 2022 செப்டம்பரில் தெளிவுபடுத்தியது. ஆனால் அந்த ஏற்பு பல்கலைக்கழகத்தின் பெயரோடு முடிவதில்லை. எந்தக் கல்வியாண்டில், எந்தப் பாடத்திற்கு என்றும் பார்க்க வேண்டும். அண்ணன் படித்தபோது இருந்த ஏற்பு தம்பி சேரும்போது இல்லாமலிருக்கக் கூடும். அதோடு, அங்கே நிகர் என்றால் இங்கேயும் நிகர் என்பது தானாக நடப்பதன்று. நம் நாட்டில் அதைத் தனியே மதிப்பிடுவார்கள்.

நம் நாட்டு நிலைக்கு வருவோம். தொலைநிலைக் கல்வி இங்கே புதிதன்று. பினாங்கிலுள்ள மலேசிய அறிவியல் பல்கலைக்கழகம் 1971-இலேயே வெளிவளாகப் பாடங்களைத் தொடங்கிவிட்டது. மலேசியத் திறந்த நிலைப் பல்கலைக்கழகம் 2000-இல் நிறுவப்பட்டது. 2006-இல் வாவாசான் திறந்த நிலைப் பல்கலைக்கழகம். இவற்றில் படித்துத் தலைமையாசிரியர்களாகவும் விரிவுரைஞர்களாகவும் உயர்ந்த தமிழர்கள் நம் வட்டாரங்களிலேயே இருக்கிறார்கள்.

2007-ஆம் ஆண்டின் சட்டம் 679 வழியாக, அதற்கு முன்னிருந்த தேசிய அங்கீகார வாரியத்தின் இடத்தில் எம்.கியூ.ஏ. எனப்படும் மலேசியத் தகுதி நிர்ணய அமைப்பு வந்தது. ஒவ்வொரு படிப்புக்கும் ஒரு நிலை வகுத்தார்கள். பட்டயம் நான்காம் நிலை, இளங்கலை ஆறு, முதுகலை ஏழு, முனைவர் எட்டு. இளங்கலைக்குக் குறைந்தது 120 கிரெடிட். ஒரு கிரெடிட் என்றால் ஏறத்தாழ 40 மணி நேரக் கற்றல். வகுப்பறையில் உட்கார்ந்து கழித்தாலும் சமையலறை மேசையில் படித்துக் கழித்தாலும் மணி நேரம் மணி நேரமே. தொலைநிலைப் படிப்புக்கும் அதே நிலை, அதே கிரெடிட். ஆகவே உரிய தரச்சான்று பெற்ற தொலைநிலை இளங்கலையை வைத்திருப்பவர் முதுகலைக்கு விண்ணப்பிக்கும்போது, பொதுவாக 2.50 புள்ளி சராசரி இருக்கிறதா என்றுதான் பார்ப்பார்கள்.

இதை நான் பட்டறிவால் அறிந்தேன். 2011-இல் கல்வி அமைச்சின் ஆசிரியர் பட்டதாரியாக்கத் திட்டத்தில் இடம் கிடைத்தது. மீண்டும் தொலைநிலை, வார இறுதிகளும் பள்ளி விடுமுறைகளும் அதிலேயே கழிந்தன. என் இளைய மகன் பிறந்த நாற்பதாம் நாள் நான் ஒரு தேர்வு மண்டபத்தில் இருந்தேன். என் அம்மா குழந்தையோடு வெளியே காருக்குள் இருந்தார். அப்பட்டத்தைக் கொண்டு 2016-இல் முதுகலைக்கு விண்ணப்பித்தேன். முன்பு என்னை மறுத்த அதே பல்கலைக்கழகம். மூன்று வாரத்தில் இடம் தந்தார்கள். அந்தக் கடிதமும் மூன்று வரிதான்.

என் கதை இவ்வாறு நேராயிற்று. அத்தங்கையின் கதை அன்று நேராகவில்லை. என்னிடம் பட்டயம் இருந்தது, நிலையான வேலை இருந்தது. விழுந்தாலும் தாங்கும் பாய் விரித்திருந்தது. அவருக்கு எஸ்.பி.எம். சான்றிதழ் மட்டுமே. அவர் கே.பி.எல்.ஐ.க்கு விண்ணப்பித்தார்; பட்டம் அங்கீகாரம் பெறாதது என்று திருப்பிவிட்டார்கள். தற்காலிகப் பணியும் முடிந்தது. மின்னியல் தொழிற்சாலையில் மூன்று வேளை மாற்றுப் பணிக்குச் சென்றுவிட்டார். ஒருமுறை சந்தையில் எதிரே வந்தார். நான் மீன் கடைப் பக்கமாக ஒதுங்கிக்கொண்டேன். அவர் என்னைப் பார்த்திருப்பார் என்றே நினைக்கிறேன்.

2017-இல், எம்.கியூ.ஏ.வின் ஏபெல் முறையைப் பற்றி முதுகலை வகுப்பில் ஒரு விரிவுரைஞர் விளக்கினார். முன்னனுபவக் கற்றலை மதிப்பிட்டு உயர்கல்விக்கு வாயில் திறக்கும் முறை அது. 21 வயது கடந்தவர், உரிய பணி அனுபவம் உள்ளவர், தம் அனுபவத்தைத் தொகுப்பாக எழுதிக் கொடுத்து, திறனறி தேர்வும் எழுதித் தேறினால், எஸ்.டி.பி.எம். இல்லாமலேயே இளங்கலைக்கு விண்ணப்பிக்கலாம். 30 வயது கடந்து, எஸ்.டி.பி.எம். அல்லது பட்டயம் வைத்திருப்பவர் இளங்கலை இல்லாமலேயே முதுகலைக்கும் முயலலாம். அங்கே நீதிமன்றம் அடைத்த வாயிலை இங்கே திறந்திருக்கிறார்களே என்று முதலில் வியந்தேன். பிறகுதான் உறைத்தது. இங்கே விதியை முதலில் எழுதிவிட்டுப் பிறகு மாணவரைச் சேர்க்கிறார்கள். வேறுபாடு அவ்வளவுதான். ஒன்று மட்டும் கவனம்: ஏபெல் திறப்பது படிப்பின் வாயிலை. வேலைக்கு எந்தத் தகுதியை ஏற்பது என்பது வேலை தருபவரின் விதி. முதுகலையே இருந்தாலும் இளங்கலை எங்கே என்று ஒரு பணியிடம் கேட்கக் கூடும். சேரும் முன்பே கேட்டுத் தெளிய வேண்டியது அது.

அன்றிரவு அத்தங்கையைத் தொலைபேசியில் அழைத்தேன். எண்ணைத் தேடிப் பிடிப்பதற்கு இரண்டு நாளாயிற்று. பேசத் துணிவதற்கு இன்னும் ஒரு வாரம். முதலில் 200 வெள்ளியைப் பற்றிச் சொன்னேன். "தெரியும் டீச்சர், அப்பவே ஆபீஸ்ல சொன்னாங்க" என்றார். அதற்கு மேல் அதைப் பற்றி அவர் பேசவில்லை. நான் ஏபெலைப் பற்றி விளக்கி முடித்ததும் நீண்ட நேரம் அமைதி. பிறகு கேட்டார்:

"இந்தத் தடவை நம்பர் இருக்கா டீச்சர்?"

இருந்தது. எம்.கியூ.ஆர். எனப்படும் மலேசியத் தகுதிப் பதிவேட்டை இணையத்தில் யாரும் கட்டணமின்றிப் பார்க்கலாம். தரச்சான்று பல்கலைக்கழகத்துக்கு மொத்தமாக அளிக்கப்படுவதன்று. ஒவ்வொரு படிப்புக்கும் தனித்தனி. சான்று எண்ணில் 'எஃப்.ஏ.' என்றிருந்தால் முழுத் தரச்சான்று. 'எஸ்.டபிள்யூ.ஏ.' என்றால் தானே தரச்சான்று வழங்கும் தகுதி பெற்ற பல்கலைக்கழகம் தந்தது. 'பி.ஏ.' என்றிருந்தால் தற்காலிகச் சான்று மட்டுமே. (நம்மவர் சிலர் இதைப் பார்த்து, 'பி.ஏ. பட்டம் என்று போட்டிருக்கிறதே' என மகிழ்ந்து போவதுண்டு. அந்தப் பி.ஏ. வேறு, இந்தப் பி.ஏ. வேறு.) தற்காலிகச் சான்றுள்ள படிப்பு மோசடி அன்று, முதல் அணி மாணவர்கள் முடிக்கும் தறுவாயில் முழுச் சான்றுக்கு விண்ணப்பிப்பார்கள். அது கிடைத்ததா என்று தொடர்ந்து கேட்டுக்கொண்டிருக்க வேண்டும்.

அவர் 2018-இல் ஏபெல் தேர்வு எழுதினார். பாலர் வகுப்பில் பணியாற்றிய ஆண்டுகளை அனுபவத் தொகுப்பில் எழுதும்போது, அன்று பிள்ளைகளுக்குச் செய்து கொடுத்த அட்டைப் படங்களை இன்னும் பெட்டியில் வைத்திருப்பதாகச் சொல்லிப் புகைப்படம் எடுத்து அனுப்பினார். தேறினார். உள்நாட்டுத் திறந்த நிலைப் பல்கலைக்கழகம் ஒன்றில் குழந்தைப் பருவக் கல்வியில் சேர்ந்து, பெருந்தொற்றுக் காலத்தையும் கடந்து, 2023-இல் தம் 41-ஆம் வயதில் பட்டம் பெற்றார். அரசுப் பணிக்கு அவர் முயலவில்லை. ஒரு தனியார் பாலர் பள்ளியில் பொறுப்பாளராக இருக்கிறார். வளையல்கள் மட்டும் மீளவில்லை. அவை 2009-இலேயே ஏலம் போய்விட்டன.

இனி அந்த லாரி ஓட்டும் தந்தையிடம் வருகிறேன். துண்டறிக்கையை நான் இருமுறை படித்தேன். வெளிநாட்டுப் பல்கலைக்கழகத்தின் பெயர், கட்டடத்தின் படம், தவணை முறை, தொலைபேசி எண் எல்லாம் இருந்தன. சட்டம் 555-இன் கீழ்ப் பெற்ற பதிவு எண் இல்லை. எம்.கியூ.ஏ. சான்று எண்ணும் இல்லை. "அண்ணே, இந்த ரெண்டு நம்பரையும் எழுத்துல கேளுங்க. வாயால சொன்னா வேணாம்" என்றேன். அங்கேயே தொலைபேசியை எடுத்து அழைத்தார். மறுமுனையில் ஒரு பெண் நெடுநேரம் பேசினார். சிறப்புக் கழிவு இம்மாத இறுதி வரைதான் என்பது எனக்கே கேட்டது. எண்ணை வாட்சாப்பில் அனுப்புவதாகச் சொல்லி வைத்துவிட்டார். நேற்று வரை வரவில்லை என்று அவர் மகன் வகுப்பில் வந்து சொன்னான்.

அந்தப் பெண்ணைக் கூட்டிக்கொண்டு வரும் வெள்ளிக்கிழமை பள்ளிக்கு வரச் சொல்லியிருக்கிறேன். ஆசிரியர் அறையிலுள்ள கணினியில் பதிவேட்டைத் திறந்து, அவருக்குப் பிடித்த துறையில் தொலைநிலைப் படிப்புகள் எவை இருக்கின்றன என்று சேர்ந்தே பார்க்கலாம் என்பது திட்டம். உங்கள் வீட்டிலும் இப்படி ஒரு துண்டறிக்கை இருந்தால் எடுத்துக்கொண்டு வாருங்கள். பிற்பகல் ஒன்றரைக்குப் பிறகு நான் அங்கேதான் இருப்பேன்.